ஒரு டிக்கெட் என்ன விலை? கடலூர் கடற்கரை முதல் தில்லை வரை ஒரு விளையாட்டுக் கணக்கு

ஞாயிற்றுக்கிழமை மாலை 5 மணிக்கு மேல் கடலூர் தேவனாம்பட்டினம் பக்கம் போனால், கடல் கண்ணில் படுவதற்கு முன்பே பஞ்சு மிட்டாய்க்காரரின் மணி காதில் விழுந்துவிடும். மஞ்சக்குப்பம், திருப்பாதிரிப்புலியூர், முதுநகர் என்று நாலா பக்கத்திலிருந்தும் பைக்கிலும் ஆட்டோவிலும் குடும்பங்கள் வந்து இறங்குகின்றன. தாத்தாவுக்குக் காற்று, பாட்டிக்குத் தேங்காய் மாங்காய் பட்டாணி சுண்டல், அப்பா அம்மாவுக்கு ஒரு மணி நேரம் உட்கார மணல். பிள்ளைகளுக்கு மட்டும் கடல் இரண்டாம்பட்சம். அவர்கள் கண் முதலில் போவது பலூன் பலகை, வளையக் கடை, துள்ளி விளையாடும் வலை, குட்டி ராட்டினம்.

சில்வர் பீச் என்று ஊரே அழைக்கும் இந்தக் கடற்கரையில் அலைக்கும் மணலுக்கும் காசு கிடையாது. மற்ற எல்லாவற்றுக்கும் ஒரு விலை உண்டு. பலகையில் எழுதியிருப்பது ஒரு விலை. வீட்டுக்குத் திரும்பும்போது பர்ஸைத் திறந்து பார்த்தால் தெரிவது இன்னொரு விலை. இரண்டுக்கும் நடுவில் என்ன நடக்கிறது? கடலூரிலிருந்து சிதம்பரம் வரை சுமார் 45 கி.மீ. தூரத்தில், கடற்கரைக் கடை, ஆற்றுத் திருவிழா, தேர்வீதி, படகுத்துறை என்று போய்ப் பார்த்தால் அதற்கான பதில் கிடைத்துவிடுகிறது.

ஒரு குண்டு, பல கிராமங்கள்

பலூன் சுடும் கடைக்கு இந்த ஊரில் ஒரு பெரிய முன்கதை இருக்கிறது. தேவனாம்பட்டினத்தில் கெடிலம் ஆற்றை ஒட்டி இருந்தது புனித டேவிட் கோட்டை. 1690-ல் அந்தக் கோட்டையைச் செஞ்சியில் இருந்த மராட்டியர்களிடமிருந்து ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனி விலைக்கு வாங்கியது. அப்போது சென்னையில் கம்பெனியின் கவர்னராக இருந்தவர் எலிஹு யேல். அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழகம் அவர் பெயரில்தான் இருக்கிறது.

அந்த வியாபாரத்தில் ஒரு விசித்திரமான விதி. கோட்டையோடு சேர்த்து, அங்கிருந்து பீரங்கி சுட்டால் குண்டு எவ்வளவு தூரம் போய் விழுமோ அவ்வளவு தூரத்துக்குள் இருக்கும் நிலமும் வாங்குபவருக்குச் சொந்தம். கம்பெனிக்காரர்கள் சுட்டார்கள். குண்டு விழுந்த எல்லைக்குள் வந்த ஊர்களுக்கு 'குண்டு கிராமங்கள்' என்றே பெயர் வந்தது. குண்டு உப்பலவாடி, குண்டு சாலை என்று இன்றைக்கும் கடலூர்க்காரர்கள் வாயில் அந்தப் பெயர்கள் புழங்குகின்றன. 1746 முதல் 1752 வரை தென்னிந்தியாவில் ஆங்கிலேயரின் தலைமையிடமாகவே இந்தக் கோட்டை இருந்தது.

'ஒரு குண்டு தூரம்' என்றால் எத்தனை காணி என்று யாரும் எண்ணில் சொல்லவில்லை. எண் சொல்லாத இடத்தில், பீரங்கியும் வெடிமருந்தும் யார் கையில் இருக்கிறதோ அவருக்குத்தான் லாபம். 330 வருஷங்களுக்கு மேல் ஆகியும், விளையாட்டுக் கடைகளின் அடிப்படை இதேதான். பணம் கொடுப்பதற்கு முன்னால் எண்ணைக் கேட்டுத் தெரிந்துகொள்பவர் தப்பித்தார். கேட்காதவர் குண்டு எங்கே விழுந்ததோ அங்கே போய் நிற்க வேண்டியதுதான்.

பலூன் கடை வேறு, வளையக் கடை வேறு

பக்கத்துப் பக்கத்தில் இருந்தாலும் பலூன் கடையும் வளையக் கடையும் ஒரே வியாபாரம் செய்யவில்லை.

பலூன் கடையில் பெரும்பாலும் பரிசு என்று எதுவும் இருப்பதில்லை. இத்தனை ரூபாய்க்கு இத்தனை குண்டு. சுட்டால் 'டப்' என்று சத்தம். கூட நிற்கும் தங்கச்சி கைதட்டுவாள். அவ்வளவுதான் கிடைக்கும், அவ்வளவுதான் விற்கவும் செய்கிறார்கள். காசு கொடுத்தவுடனேயே கணக்கு முடிந்துவிடுகிறது. துப்பாக்கியின் குறி கொஞ்சம் இடது வலது என்று விலகியிருக்கலாம் என்பதால், விவரமான பையன்கள் முதல் குண்டை ஒரு பலூனின் நடுவில் குறிவைத்து, அது எந்தப் பக்கம் போகிறது என்று பார்த்துக்கொண்டு அடுத்ததை அதற்கேற்ப மாற்றிச் சுடுகிறார்கள்.

வளையக் கடை அப்படியில்லை. அங்கே விற்பது ஆசை. சோப்பு, பவுடர் டப்பா, பிஸ்கட் பாக்கெட், பிளாஸ்டிக் டப்பா, நடுவில் ராஜா மாதிரி ஒரு சுவர்க் கடிகாரம். பக்கத்தில் கட்டையில் செருகிய ரூபாய் நோட்டு. வளையம் பொருளின் மேல் விழுந்தால் மட்டும் போதாது. பல கடைகளில் பொருள் வைத்திருக்கும் கட்டையையும் சேர்த்து வளையம் முழுசாகச் சூழ்ந்து கீழே படிய வேண்டும். வளையத்தின் உள்விட்டம் கட்டையைவிடக் கொஞ்சமே பெரிது. ஆகவே அது ஏறக்குறையத் தட்டையாக, நேர் மேலிருந்து இறங்கினால்தான் உள்ளே போகும். கோட்டுக்குப் பின்னால் நின்று எறியும்போது வளையம் சாய்ந்துதான் வருகிறது. ஒரு முனை கட்டையில் தட்டியதும் துள்ளி அடுத்த வரிசைக்குப் போய்விடுகிறது. பெரிய பொருளுக்குப் பெரிய கட்டை என்பதால், கடிகாரத்துக்கு மிஞ்சும் இடைவெளி சோப்புக்கு மிஞ்சுவதைவிடக் குறைவு.

இதில் ஏமாற்று வேலை எதுவும் நடக்க வேண்டிய அவசியமே இல்லை. வளையத்தின் அளவே கடைக்காரருக்காக உழைத்துக்கொண்டிருக்கிறது.

கணக்குப் போட ஒரே ஒரு வழி, முதலில் காசு கொடுக்காமல் 5 நிமிடம் வேடிக்கை பார்ப்பது. உதாரணத்துக்கு, 5 வளையம் 50 ரூபாய் என்று வைத்துக்கொள்ளலாம். ஒரு வளையம் 10 ரூபாய். எதிரில் மற்றவர்கள் எறிந்த 40 வளையத்தில் 2 மட்டும் விழுந்தது என்றால், 20 வளையத்துக்கு ஒன்று. அதாவது ஒரு பரிசுக்குச் செலவு 200 ரூபாய். விழுந்தது 30 ரூபாய் சோப்பு என்றால், மீதி 170 ரூபாய் எறிந்து பார்த்த சந்தோஷத்துக்கான விலை. அந்தச் சந்தோஷம் 170 ரூபாய் பெறுமா என்பதை ஒவ்வொரு குடும்பமும் தானே முடிவு செய்துகொள்ளலாம். 'ஓசியில் சோப்பு கிடைத்தது' என்று மட்டும் வீட்டில் போய்ச் சொல்லக் கூடாது.

ஆற்றுத் திருவிழாவில் நிமிடக் கணக்கு

கடலூர்ப் பக்கத்தில் பிள்ளைகள் காலண்டரில் வட்டம் போட்டுக் காத்திருக்கும் நாள், தை 5-ம் தேதி. பொங்கல் முடிந்த கையோடு தென்பெண்ணைக் கரையில் ஆற்றுத் திருவிழா. சுற்றுப்பட்டுக் கோயில்களிலிருந்து சுவாமிகள் தீர்த்தவாரிக்கு ஆற்றுக்கு வருவார்கள். ஆற்று மணலிலேயே ஒரு நாள் ஊர் முளைத்துவிடும். கிழங்கு, கரும்பு, வளையல், மண் உண்டியல், கூடவே ராட்டினம். ஒரு மாதம் கழித்து மாசி மகத்தன்று இதே கூட்டம் தேவனாம்பட்டினம் கடற்கரையில்.

இங்கே பரிசு எதுவும் இல்லாத ராட்டினத்துக்கு வேறு மாதிரிக் கணக்கு தேவைப்படுகிறது. ராட்டினம் விற்பது நேரம். 'ஒரு ஆளுக்கு எவ்வளவு?' என்று எல்லோரும் கேட்கிறார்கள். 'எத்தனை ரவுண்டு அண்ணே?' என்று கேட்பவர்கள் குறைவு. வரிசை நீளமாக இருக்கும் இரவு 8 மணிக்குச் சுற்றுகள் குறையலாம். கூட்டம் சேராத மாலை 4 மணிக்கு அதே காசுக்கு இன்னும் நாலு சுற்று கூடவே கிடைக்கலாம்.

உதாரணத்துக்கு, பெரிய ராட்டினம் 80 ரூபாய், 4 நிமிடம் என்றால் நிமிடத்துக்கு 20 ரூபாய். துள்ளும் வலையில் 10 நிமிடத்துக்கு 50 ரூபாய் என்றால் நிமிடத்துக்கு 5 ரூபாய். பெரியது உசத்தி, சின்னது மட்டம் என்று இதற்கு அர்த்தம் இல்லை. ராட்டினத்தின் உச்சியில் ஒரு நொடி நின்று ஊரையே பார்க்கும் அந்த 20 ரூபாய் நிமிடம் சில பிள்ளைகளுக்கு வருஷம் முழுக்க நினைவில் இருக்கும். உச்சியில் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு அழும் பிள்ளைக்கு அதே 20 ரூபாய் தண்டம். பிள்ளையைத் தெரிந்துகொண்டு செலவு செய்வதற்குத்தான் இந்தக் கணக்கு. ஏறுவதற்கு முன் கம்பி சரியாகப் பூட்டப்படுகிறதா என்று பார்ப்பதற்கு மட்டும் எந்தக் கணக்கும் வேண்டாம்.

கடைக்காரர் பக்கத்துக் கணக்கையும் பார்த்துவிட வேண்டும். ஊர் ஊராக லாரியில் இரும்பை ஏற்றி இறக்க வேண்டும். இடத்துக்கு வாடகை, ஜெனரேட்டருக்கு டீசல், ஆட்களுக்குக் கூலி, சாப்பாடு. மழை வந்தால் அன்றைய வரும்படி போச்சு. வளையக் கடையில் 20-க்கு ஒன்றுக்குப் பதில் 5-க்கு ஒன்று விழ ஆரம்பித்தால், அடுத்த திருவிழாவுக்கு அந்தக் கடை வராது. எனவே, விளையாடுபவர்கள் எல்லோரும் சேர்ந்து கொஞ்சம் இழந்தால்தான் கடை நிற்கும். அது தெரிந்து விளையாடுவதில் தப்பே இல்லை.

தேர்வீதியில் தெரியும் நிஜ விலை

கடலூரிலிருந்து சிப்காட், ஆலப்பாக்கம், புதுச்சத்திரம், பி.முட்லூர் தாண்டி, வெள்ளாற்றைக் கடந்தால் சிதம்பரம். மார்கழித் திருவாதிரைக்கும் ஆனித் திருமஞ்சனத்துக்கும் மூலவரான நடராஜரே தேரேறி வீதிக்கு வரும் ஊர். தேர் ஓடும் நான்கு வீதிகளிலும் அந்த நாட்களில் நடக்க இடம் இருக்காது. கீழவீதியில் ஆரம்பித்து ஒரு சுற்று வந்தால் பாசி மணி, பித்தளை விளக்கு, ஸ்டிக்கர் பொட்டு, பொம்மை என்று கடை கடையாக விரித்திருக்கும். நடந்து களைத்தவர்களுக்குச் சம்பா சாதமும் கத்திரிக்காய் கொத்சும் இந்த ஊரின் அடையாளம்.

இந்த வீதிகளில் விளையாட்டுக் கணக்குக்குத் தேவையான முக்கியமான எண் ஒன்று கிடைக்கிறது. அதுதான் பொம்மையின் நிஜ விலை. வளையக் கடையில் எட்டாத உயரத்தில் தொங்கும் கரடி பொம்மைக்கு இங்கே கடைக்காரர் ஒரு விலை சொல்வார். கொஞ்சம் பேரம் பேசினால் இன்னும் குறையும். சாவி கொடுத்தால் ஓடும் கார், சோப்பு நுரை ஊதும் குழாய், விளக்கு எரியும் பம்பரம் எல்லாவற்றுக்கும் அப்படியே. 'இதைக் காசு கொடுத்து வாங்கினால் எவ்வளவு?' என்ற கேள்விக்குப் பதில் தெரிந்துவிட்டால், அதற்கு மேல் எந்த விளையாட்டுக் கடையிலும் குழப்பம் வராது. பதில் தெரியாதவரைக்கும் பரிசின் விலை நம் மனதில் ஏறிக்கொண்டேதான் போகும்.

அட்டைக்குள் மறையும் ரூபாய்

இப்போதெல்லாம் கடலூர், சிதம்பரம் பிள்ளைகள் லீவு விட்டால் புதுச்சேரிக்கோ சென்னைக்கோ போய் மாலில் இருக்கும் 'கேம் ஜோன்' பார்க்க ஆசைப்படுகிறார்கள். குளுகுளு அறை, கலர் விளக்கு, காதைப் பிளக்கும் பாட்டு. பார்ப்பதற்குத்தான் வேறு உலகம். உள்ளே நடப்பது தேவனாம்பட்டினத்தில் நடக்கும் அதே வியாபாரம். நடுவில் ஒரு காகிதம் நுழைந்திருக்கிறது. அதன் பெயர் டிக்கெட்.

இதற்கும் ஒரு வரலாறு உண்டு. பந்தை உருட்டி மேட்டில் ஏற்றி வளையங்களுக்குள் விழவைக்கும் 'ஸ்கீபால்' விளையாட்டுக்கு அமெரிக்காவின் ஜோசப் ஃபூரெஸ்டியே சிம்ப்சன் 1908-ல் காப்புரிமை பெற்றார். வீடியோ கேம் உலகில் பெயர் பெற்ற அட்டாரி நிறுவனத்தைத் தொடங்கியவர்களில் ஒருவரான நோலன் புஷ்னெல், 1977-ல் கலிபோர்னியாவின் சான் ஹோசே நகரில் சக்-இ-சீஸ் என்ற கடையைத் திறந்தார். பீட்சா வேகும் வரை பிள்ளைகள் விளையாட இயந்திரங்கள். குடும்பத்தோடு வரும் கேம் ஜோன் உலகெங்கும் பரவ அது ஒரு பெரிய காரணம். 1978-ல் ஆஸ்திரேலியாவின் பெர்த் நகரில் தொடங்கிய டைம்ஜோன் இன்று இந்திய நகரங்களிலும் கிளை விரித்திருக்கிறது.

இப்படிப்பட்ட இடங்களில் பணம் மூன்று முறை உருமாறுகிறது. முதலில் ரூபாய், அட்டையில் ஏறும் பாயின்ட் ஆகிறது. பிறகு பாயின்ட், விளையாட்டில் டிக்கெட் ஆகிறது. கடைசியில் டிக்கெட், கவுன்ட்டரில் பொருள் ஆகிறது. ஒவ்வொரு திருப்பத்திலும் பழைய எண் மறந்து புது எண் மனதில் உட்கார்ந்துவிடும். 40 ரூபாய் போனது தெரியாது, '12 டிக்கெட் வந்தது!' என்பது மட்டும் தெரியும்.

திரையை விலக்கிப் பார்த்தால் உள்ளே இருப்பது இரண்டு வகுத்தல் கணக்குதான். ஐந்தாம் வகுப்புப் பிள்ளையே போட்டுவிடும். சிதம்பர ரகசியம் ஒன்றும் இல்லை.

முதல் கணக்கு, ஒரு டிக்கெட் சம்பாதிக்க எவ்வளவு செலவு? உதாரணத்துக்கு, ஒரு விளையாட்டு 40 ரூபாய். ஐந்து முறை ஆடியதில் 8, 12, 6, 20, 14 என்று மொத்தம் 60 டிக்கெட். செலவு 200 ரூபாய். 200-ஐ 60-ஆல் வகுத்தால் ஒரு டிக்கெட்டுக்குச் சுமார் 3 ரூபாய் 33 காசு.

இரண்டாவது கணக்கு, அந்த டிக்கெட்டைக் கவுன்ட்டரில் கொடுத்தால் எவ்வளவு பெறும்? சிதம்பரம் வீதியில் 60 ரூபாய்க்குக் கிடைக்கும் ஒரு பொம்மைக்கு அங்கே 150 டிக்கெட் கேட்கிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். 60-ஐ 150-ஆல் வகுத்தால் ஒரு டிக்கெட்டின் மதிப்பு 40 காசு.

3 ரூபாய் 33 காசு கொடுத்து வாங்கியது, 40 காசுக்குத்தான் போகிறது. அந்த 60 ரூபாய் பொம்மை கைக்கு வர 500 ரூபாய் செலவாகும். 100 ரூபாய்க்கு 12 ரூபாய் பொருளாகத் திரும்பி வருகிறது. மீதி 88 ரூபாய், ஆடிய ஆட்டத்துக்கு.

இதையே இன்னொரு விதமாகச் சொன்னால், 40 ரூபாய் ஆட்டத்தில் சராசரியாக வரும் 12 டிக்கெட்டின் மதிப்பு 4 ரூபாய் 80 காசு. மீதி 35 ரூபாய் 20 காசுதான் ஆட்டத்தின் நிஜ விலை. ஆட்டம் ஒரு நிமிடம் ஓடினால், நிமிடத்துக்கு 35 ரூபாய். ஆற்று மணலில் சுற்றிய பெரிய ராட்டினத்தைவிட இது விலை அதிகம். துள்ளும் வலையைவிட ஏழு மடங்கு. எண்கள் இடத்துக்கு இடம் மாறும், வகுத்தல் மாறாது.

அட்டையில் இன்னும் சில நுணுக்கங்கள் இருக்கின்றன. '1,000 ரூபாய் போட்டால் 1,200 பாயின்ட்' என்பது உண்மையிலேயே சலுகைதான், 40 பாயின்ட் ஆட்டம் 33 ரூபாய் சொச்சத்துக்கு வந்துவிடும். ஆனால் 500 ரூபாய் செலவு செய்ய வந்தவர் சலுகைக்காக 1,000 போட்டால், மிச்சம் பிடித்தது எங்கே? கூடுதல் பாயின்ட் எல்லா ஆட்டங்களுக்கும் செல்லுமா, எத்தனை நாளுக்குள் தீர்க்க வேண்டும், அட்டைக்கென்று தனிக் காசு உண்டா, அது திரும்பக் கிடைக்குமா என்று முதலிலேயே கேட்டுவிடுவது நல்லது. ஆட்டம் 45 பாயின்ட் என்றால், 500 பாயின்ட்டில் 11 முறை ஆடியபின் 5 பாயின்ட் தொங்கும். அந்த 5 பாயின்ட்டை வீணாக்க மனம் வராமல் இன்னொரு 200 ரூபாய் ஏற்றுபவர்கள் உண்டு. 5 ரூபாயைக் காப்பாற்ற 200 ரூபாய்.

வரியையும் கேட்டுக்கொள்ள வேண்டும். தீம் பார்க், ராட்டினம் போன்ற கேளிக்கைகளுக்கு 28 சதவீதமாக இருந்த ஜி.எஸ்.டி. 2018 ஜனவரியில் 18 சதவீதமாகக் குறைக்கப்பட்டது. பலகையில் இருப்பது வரியோடு சேர்த்த விலையா, வரிக்கு முந்தைய விலையா என்பதில் 1,000 ரூபாய்க்கு 180 ரூபாய் வித்தியாசம் வந்துவிடும்.

'இன்னும் ஒரே ஒரு தடவைப்பா!'

கண்ணாடிப் பெட்டிக்குள் பொம்மை குவியல், மேலே இரும்புக் கொக்கி. பிள்ளைகள் அதிக நேரம் நிற்பது இந்த இயந்திரத்தின் முன்தான். கொக்கி இறங்கும், பொம்மையின் காதைப் பிடிக்கும், பாதி தூக்கும், நழுவ விட்டுவிடும். 'ச்சே, கொஞ்சத்துல போச்சு!' இப்படிப்பட்ட பல இயந்திரங்களில் கொக்கியின் பிடி எவ்வளவு இறுக்கமாக இருக்க வேண்டும், எத்தனை ஆட்டத்துக்கு ஒரு முறை முழு பலத்தோடு பிடிக்க வேண்டும் என்பதை நடத்துபவரே அமைத்துக்கொள்ளும் வசதி உண்டு. நாணயத்தைத் தள்ளி விழவைக்கும் இயந்திரத்தில், தட்டின் இரண்டு ஓரத்திலும் இருக்கும் சந்து வழியாக விழும் காசு கடைக்குச் சொந்தம். அதனால் முன்னால் குவிந்து 'இதோ விழப் போகுது' என்று நிற்கும் காசெல்லாம் நமக்கு வரப்போவது இல்லை.

எப்போது பரிசு வரும் என்று தெரியாமல், எப்போதாவது வந்துகொண்டிருந்தால், உயிர்கள் அந்தச் செயலை விடவே விடாது என்று அமெரிக்க உளவியல் அறிஞர் பி.எஃப். ஸ்கின்னர் புறாக்களை வைத்தே காட்டியிருக்கிறார். தானியம் எப்போது விழும் என்று தெரியாத புறா, பொத்தானைக் கொத்திக்கொண்டே இருந்தது. கொக்கி இயந்திரத்தின் முன் நிற்கும் பிள்ளைக்குப் பேராசை என்று திட்டுவது நியாயம் இல்லை. பக்கத்தில் 'இந்தத் தடவை நான் ட்ரை பண்றேன், தள்ளு' என்று அட்டையை வாங்கும் அப்பாவுக்கும் அதே புறா மனசுதான்.

திறமையா, அதிர்ஷ்டமா என்ற கேள்வியைச் சட்டமும் சும்மா விடவில்லை. வீடியோ கேம் நிலையங்களுக்கு உரிமம் வேண்டும் என்று அரசு கட்டுப்படுத்தலாம் என எம்.ஜே.சிவானி வழக்கில் 1995-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2003-ல் தமிழ்நாட்டில் லாட்டரி தடை செய்யப்பட்டது. லாட்டரிச் சீட்டில் கூலிக் காசைத் தொலைத்துவிட்டு வெறுங்கையோடு வந்த வீட்டுக்காரர்களை நினைவில் வைத்திருக்கும் பாட்டிகள் இன்னமும் பல வீடுகளில் இருக்கிறார்கள். கேம் ஜோனின் டிக்கெட் லாட்டரி ஆகிவிடாது. ஆனாலும் 'இன்னும் ஒரே ஒரு தடவை' என்ற சொல்லைக் கேட்டதும் அந்தப் பாட்டிகள் நிமிர்ந்து பார்ப்பதில் அர்த்தம் இருக்கிறது.

பிச்சாவரத்தில் ஒரு நேர்மையான விலை

சிதம்பரத்திலிருந்து சுமார் 15 கி.மீ. தூரத்தில் பிச்சாவரம். 1975-ல் வந்த எம்.ஜி.ஆரின் 'இதயக்கனி' படத்தில் ஊரே பார்த்த சுரபுன்னைக் காடு. தமிழ்நாடு சுற்றுலா வளர்ச்சிக் கழகம் இங்கே படகுச் சவாரி நடத்துகிறது. துடுப்புப் படகா, மோட்டார் படகா, எத்தனை பேர், எவ்வளவு நேரம் என்பதைப் பொறுத்துக் கட்டணம். குறுகலான கால்வாய்களுக்குள், தலைக்கு மேல் கிளைகள் பின்னிக் கிடக்கும் இடங்களுக்குள், துடுப்புப் படகுதான் போகும்.

மொத்தக் கட்டணத்தைப் பார்த்தால் முதலில் கொஞ்சம் யோசனையாக இருக்கும். படகில் ஏறுபவர்களின் எண்ணிக்கையால் வகுத்து, பிறகு நிமிடத்தால் வகுத்துப் பார்த்தால், ஒரு ஆளுக்கு ஒரு நிமிடம் எவ்வளவு என்பது வந்துவிடும். அதைக் கேம் ஜோனின் நிமிடத்தோடு பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். கணக்கில் ஏறாத விஷயங்களும் உண்டு. தண்ணீருக்குள் விரல்விட்டுக்கொண்டே வரும் பிள்ளை, வேர்களைக் காட்டிக் கதை சொல்லும் படகுக்காரர், கொக்கு பறக்கும்போது ஒரே நேரத்தில் திரும்பும் நான்கு தலைகள். இங்கே டிக்கெட் என்பது படகில் ஏறுவதற்கு மட்டும்தான். அதைக் கவுன்ட்டரில் கொடுத்து மாற்ற எதுவும் இல்லை. அதனால் யாரும் ஏமாந்து திரும்புவதும் இல்லை.

500 ரூபாய்த் திட்டம்

இந்தக் கணக்கையெல்லாம் திருவிழாவுக்கு நடுவில் நின்று போட முடியாது. வீட்டிலிருந்து கிளம்பும்போதே பிள்ளைகளோடு உட்கார்ந்து பேசிவிட்டால் வேலை சுலபம்.

முதலில் தொகையை முடிவு செய்துகொள்ளலாம். இரண்டு பிள்ளைகள் உள்ள குடும்பம் 500 ரூபாய் வைத்திருந்தால், உதாரணத்துக்கு ஆளுக்கு இரண்டு சவாரி, ஒன்று 60 ரூபாய் வீதம் 240. வளையத்துக்கு 60, பலூனுக்கு 40, சுண்டல், பஜ்ஜி, பஞ்சு மிட்டாய்க்கு 160. மொத்தம் 500. இதைத் தனித்தனி நோட்டாகப் பிள்ளைகள் கையிலேயே கொடுத்துவிட்டால் நல்லது. போனில் ஸ்கேன் செய்யும்போது போவது தெரியாத பணம், கையிலிருந்து நோட்டாகப் போகும்போது தெரியும்.

இரண்டாவது, விளையாடும் இடத்துக்குப் போனதும் ஒரு சுற்று சும்மா சுற்றி வருவது. எத்தனை ரவுண்டு, எத்தனை நிமிடம், எத்தனை வளையம், எது விழுந்தால் பரிசு என்று கேட்டுக்கொள்ள வேண்டியது. நல்ல கடைக்காரர் முகம் சுளிக்காமல் சொல்வார்.

மூன்றாவது, டிக்கெட் தரும் இடமாக இருந்தால், ஆடுவதற்கு முன்பே பரிசுக் கவுன்ட்டரைப் பார்த்துவிடுவது. பிள்ளைக்குப் பிடித்த பொருளுக்கு எத்தனை டிக்கெட், வெளியே அதற்கு என்ன விலை என்று தெரிந்தபின் ஆடினால், கடைசியில் 30 டிக்கெட்டுக்கு ஒரு அழிரப்பரை வாங்கிக்கொண்டு கண் கலங்கி நிற்கும் நிலைமை வராது.

நான்காவது, 'பொம்மைதான் வேணும்' என்று பிள்ளை உறுதியாகச் சொன்னால் கீழவீதிக்குக் கூட்டிப் போவது. 'விளையாடத்தான் வேணும்' என்று சொன்னால் விளையாட விடுவது. இரண்டையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பும்போதுதான் பர்ஸ் காலியாகிறது, பிள்ளையும் அழுகிறது.

ஐந்தாவது, வைத்த தொகை தீர்ந்தால் தீர்ந்ததுதான். இது பிள்ளைகளைவிடப் பெரியவர்களுக்குத்தான் கஷ்டம். 'பாவம், ஆசைப்படுது' என்று மாமா ஒரு 100 ரூபாய் எடுத்து நீட்டுவார். அந்த 100 ரூபாயை உண்டியலில் போடச் சொன்னால் மாமாவுக்கும் மரியாதை, கணக்கும் காப்பாற்றப்படும்.

இப்படிக் கணக்குப் பார்த்தால் சந்தோஷம் போய்விடாதா என்று கேட்பவர்கள் உண்டு. நேர் எதிராகத்தான் நடக்கிறது. பரிசு வருமா வராதா என்ற பதைப்பு போனபிறகுதான், வளையம் துள்ளும் விதம், பலூன் வெடிக்கும் சத்தம், ராட்டினத்தின் உச்சியில் வயிற்றுக்குள் ஏற்படும் அந்தக் கூச்சம் எல்லாம் முழுசாகக் கிடைக்கின்றன. கையில் 10 ரூபாயை வைத்துக்கொண்டு, வளையமா இன்னொரு பஞ்சு மிட்டாயா என்று ஒரு பெண்குழந்தை தேர்வீதி ஓரத்தில் நின்று யோசிக்கிறாள் என்றால், பள்ளிக்கூடத்துக் கணக்குப் புத்தகம் தராத ஒரு பாடத்தை அவள் படித்துக்கொண்டிருக்கிறாள். அவளை அவசரப்படுத்தாமல் ரெண்டு நிமிடம் பக்கத்தில் நிற்பதற்கு மட்டும் எந்த ஊரிலும் கட்டணம் கிடையாது.